பேரைச் சொல்லித் திட்டினான்

தீர்ப்பு வந்த மறுநாள் காலை, கட்டிங் மாஸ்டர் நேராகச் செக்கிங் மேசைக்கு வந்து இரண்டு கைகளையும் கூப்பி, அவளுடைய முழுப் பெயரையும் தகப்பன் பெயரோடு சேர்த்துச் சத்தமாகச் சொன்னார்.

"வணக்கம்மா. நல்லா இருக்கீங்களா? பேரைச் சொல்லிக் கூப்பிட்டா குத்தமில்லைன்னு கோர்ட்டே சொல்லிடுச்சு. இனிமே தினமும் பேரைச் சொல்லியே கூப்பிடறேன்."

மேசையைச் சுற்றி நின்ற பெண்கள் யாரைக் கூப்பிடுகிறார் என்று புரியாமல் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர்கள் நடிக்கவில்லை. அந்தச் சட்டைக் கம்பெனியில் பதினோரு வருஷமாக அவளை யாரும் அந்தப் பெயரால் கூப்பிட்டதே இல்லை. வருகைப் பதிவில் அவள் டோக்கன் இருநூற்றுப் பதினெட்டு. மற்றபடி எல்லோருக்கும் லென்ஸ், இளையவர்களுக்கு லென்ஸ் அக்கா. தையல் விட்ட இடம் எறும்பின் கால் அளவு இருந்தாலும் கண்டுபிடித்துச் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டிவிடுவாள். "கண்ணுக்குள்ள லென்ஸ் வெச்சே பொறந்தவ" என்று எவரோ ஒரு தையல்காரர் வயிற்றெரிச்சலில் வைத்த பெயர், நிலைத்துவிட்டது.

அவள் கையிலிருந்த சட்டையை உள்பக்கம் வெளியே வருமாறு திருப்பினாள். சட்டையைத் திருப்பிப் போட்டுப் பார்ப்பதுதான் அவள் வழக்கம். வெளியே எல்லாச் சட்டையும் அழகாகத்தான் இருக்கும். வண்டவாளம் உள்தையலில்தான் தெரியும். ஆனால் அன்று காலை அவள் ஒரே சட்டையை நான்கு தடவை திருப்பிவிட்டாள். கை நிற்கவில்லை.

இரண்டு வருஷம் முன்னால் நடந்தது இது. ஒரு பெரிய ஆர்டர், நீலச் சட்டை. கட்டிங் மாஸ்டர் இரண்டு வேறு ரோல் துணிகளைக் கலந்து வெட்டிவிட்டார். முன்பக்கம் ஒரு நீலம், கை இன்னொரு நீலம். டியூப் லைட்டில் தெரியாது. லென்ஸ் ஒரு சட்டையை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தாள். பிறகு அடுத்தது. பிறகு முந்நூற்றுப் பன்னிரண்டு சட்டைகளுக்கும் சிவப்பு ஸ்டிக்கர். முதலாளி எல்லோர் முன்னாலும் மாஸ்டரைக் கேள்வி கேட்டார். அரை மணி நேரம் கழித்து மாஸ்டர் கட்டிங் மேசையிலிருந்து மர ஸ்கேலை எடுத்துக்கொண்டு வந்தார். முதல் அடி இடது காதில் விழுந்தது. மற்ற இரண்டும் எங்கே விழுந்தன என்று அவளுக்கு நினைவில்லை. அடித்தபடியே அவர் சொன்ன சொல் மட்டும் நினைவிருக்கிறது. அவள் பிறந்த சாதியின் பெயர் அது. அதோடு ஒட்டிக்கொண்டு வந்த வால் இன்னும் கேவலம். "நீ வந்து என் வெட்டைக் குறை சொல்றியா?" என்றார். மனிதன் தப்பு செய்தால் அதைத் தப்பு என்று சொல்ல எந்தக் கருவறையில் அனுமதிச் சீட்டு வாங்கிவர வேண்டுமோ தெரியவில்லை.

இடது காதுச் சவ்வு கிழிந்தது. அன்றிலிருந்து யார் பேசினாலும் வலது பக்கம் திரும்பிக் கேட்கிறாள்.

வழக்கு இரண்டு பிரிவுகளில் போட்டார்கள்: ஒன்று அடித்ததற்கு, இன்னொன்று சாதியைச் சொல்லி இழிவு செய்ததற்கு. இரண்டிலும் விடுதலை. தீர்ப்பில் இப்படி இருந்தது: "புகாரில் சாதிப் பெயரைச் சொல்லித் திட்டியதாகக் கண்டிருந்தபோதிலும், சத்தியம் செய்து சொன்ன சாட்சியத்தில், எனது பெயரைச் சொல்லித் திட்டினார் என்றே வாதி கூறியுள்ளார். ஒருவரை அவருடைய பெயரைச் சொல்லித் திட்டுவது சாதி இழிவாகாது. வேலைத் தகராறைச் சாதித் தகராறாக மாற்றிச் சொன்ன சாட்சியை மற்ற விஷயங்களிலும் நம்ப இயலவில்லை. சந்தேகத்தின் பலனை எதிரிக்கு அளித்து..."

"சந்தேகத்துக்குப் பலன் இருக்கு" என்று அவள் புருஷனிடம் சொன்னாள். "அடிக்குத்தான் பலன் இல்லை."

புருஷன் தண்ணீர் கேன் வண்டி ஓட்டுபவர். நல்ல மனிதர், ஆனால் எந்த மேட்டையும் சுற்றிக்கொண்டு போகும் வழி தெரிந்தவர். "விடு. ரெண்டு வருஷம் அலைஞ்சாச்சு. அரசு வக்கீல் ஆபீஸ்லயே என்ன எழுதிட்டாங்க? மேல்முறையீடு செய்யத் தகுந்த வழக்கு இல்லை. அவங்களுக்கே இல்லைன்னா நமக்கு மட்டும் எங்கிருந்து வரும்?"

"அவங்க காதா கிழிஞ்சுது?"

"அதுக்கில்ல. மேலே ஒருத்தன் பார்த்துக்கிட்டுத்தான் இருக்கான்."

"பார்த்தவரு சாட்சி சொல்ல வந்தாரா? எங்க கம்பெனில அயன் போடற அண்ணன் வந்தாரு. அவரைத்தான் நான் நம்புவேன்."

புருஷன் சோற்றைப் பிசைந்தபடி சிரித்துவிட்டார். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. எழுந்து போய்க் காலண்டரில் நாளை எண்ணினாள். பாதிக்கப்பட்டவரே மேல்முறையீடு செய்யலாம். ஆனால் தீர்ப்பு வந்த நாளிலிருந்து தொண்ணூறு நாளுக்குள். அதில் பதின்மூன்று போய்விட்டது. எண்ணிவிட்டு உட்கார்ந்தாள். மறுபடி எழுந்து எண்ணினாள். எண்ணினால் நாள் கூடிவிடுமா என்ன?

மேல்முறையீட்டுக்கு அவள் பிடித்த வக்கீலம்மாவின் அறை ஒரு பஞ்சர் கடைக்கு மேலே இருந்தது. கீழே காற்றடிக்கும் கம்ப்ரஸர் ஓட ஆரம்பித்தால் மேலே சட்டம் பேச முடியாது. அது நிற்கும்வரை வக்கீலம்மா பேனாவைக் காற்றில் பிடித்தபடி உட்கார்ந்திருப்பார். நிற்கும், விட்ட இடத்திலிருந்து தொடர்வார்.

"அக்கா, ஒண்ணு நல்லாப் புரிஞ்சுக்கோங்க. மேல்கோர்ட்ல உங்களை மறுபடி கூண்டுல ஏத்த மாட்டாங்க. புதுசா யாரையும் விசாரிக்க மாட்டாங்க. கீழ்க்கோர்ட்ல என்ன எழுதியிருக்கோ, அந்தக் காகிதம்தான் பேசும். நீங்க எனது பெயரைன்னா சொன்னீங்க?"

"எனதுன்னு யாராவது பேசுவாங்களா வக்கீலம்மா? எங்க பேரைச் சொல்லித் திட்டினான்னு சொன்னேன்."

வக்கீலம்மா நெற்றியில் கை வைத்துக்கொண்டார். "எங்க பேரு."

"ஆமா. எங்க பேரு. எங்க ஆளுங்க பேரு. அந்த வார்த்தையை அத்தனை பேர் முன்னாடி, அவன் எதிர்ல நின்னு சிரிச்சிட்டிருக்கும்போது, என் வாயால சொல்லணுமா? எங்க பேருன்னா தெரியாதா?"

"தெரியும் அக்கா. எனக்குத் தெரியும், உங்களுக்குத் தெரியும். டைப் அடிச்சவருக்குத் தெரியணுமே. நாம தனி ஆளா இருந்தாலும் எங்க வீடு, எங்க அப்பான்னுதானே சொல்றோம்? அவர் அதை எழுத்து நடையில எனது வீடு, எனது தந்தைன்னு அடிப்பார். இருபது வருஷமா அப்படித்தான் அடிச்சிருப்பார். அதே கையோட எங்க பேரும் எனது பெயர் ஆயிடுச்சு." கம்ப்ரஸர் ஓடியது. நின்றது. "கையெழுத்து வாங்கறதுக்கு முன்னாடி படிச்சுக் காட்டினாங்களா?"

படித்துக் காட்டினார்கள். வலது காதைத் திருப்பிக் கேட்டாள். எனது பெயரைச் சொல்லி என்று வந்தபோது அவளுக்குள் ஏதோ ஒன்று இடறியது. ஆனால், கோர்ட்டில் எழுதுவது இப்படித்தான் இருக்கும் போல, 'வந்தான்' என்றால் 'வருகை தந்தார்' என்கிறார்கள், 'எங்க' என்றால் 'எனது' என்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டாள்.

"பதினோரு வருஷமா அடுத்தவன் தையலைப் பிரிச்சு மேயறவ" என்றாள் கடைசியில். "என் சொந்தப் பீஸை நானே பாஸ் பண்ணிட்டேன்."

அதற்குப் பிறகு வந்த நாட்களில் அவளுக்கு நிம்மதி இல்லை. பஸ்ஸில் இருக்கை காலியாக இருந்தும் நின்றாள். துவைத்த துணியை மடித்துவிட்டுப் பிரித்து மடித்தாள். வழக்குத் தாள்களின் சான்றிட்ட நகலுக்கு மனு போட்டிருந்தது. நகல் பிரிவு ஜன்னலில் இருந்த எழுத்தர் ஒவ்வொரு தடவையும் அதே நான்கு சொற்களைச் சொன்னார்: "ஃபைல் மேல போயிருக்கு, வாங்க." வாங்க என்பதற்குப் போங்க என்று பொருள் என்பது அவளுக்கு மூன்றாவது தடவையில் புரிந்தது. காலையில் கம்பெனிக்குப் போனால் மாஸ்டர் கைகூப்பி, பெயர் சொல்லி, தகப்பன் பெயர் சொல்லி வணக்கம் வைப்பார். கட்டிங் பகுதியில் ஒரு சிரிப்புக் கிளம்பும். தன் சொந்தப் பெயரே தன்மேல் எறியப்படும் கல்லாக மாறும் என்று அவள் நினைத்திருக்கவில்லை.

முதலாளியிடம் சொல்லிப் பார்த்தாள். "மரியாதையாத்தானேம்மா கூப்பிடறார்?" என்றார் அவர். "ரெண்டு பேரும் கம்பெனிக்கு வேணும். கொஞ்சம் அனுசரிச்சுப் போங்க." மிதித்தவனையும் மிதிபட்டவனையும் ஒரே தராசில் வைத்து 'அனுசரித்துப் போங்கள்' என்பதற்கு உலகத்தில் நடுநிலை என்று பெயர்.

எழுபத்தாறாம் நாள் நகல் கிடைத்தது. நூற்று எழுபது பக்கம். மறுநாள் மதியச் சாப்பாட்டு நேரத்தில் செக்கிங் மேசையைத் துடைத்துவிட்டுக் கட்டைப் பிரித்தாள். அயன் அண்ணன் தன் டப்பாவைத் தூக்கிக்கொண்டு பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். சட்டைகளுக்கு அயன் போடுபவர், ஐம்பது வயது, கையெல்லாம் பழைய சூட்டுத் தழும்பு. அன்று நடந்ததைப் பார்த்த முப்பது பேரில் சாட்சி சொல்ல வந்தவர் அவர் ஒருவர்தான்.

"நான் சொன்னதைச் சரியா எழுதியிருக்கானா பாரும்மா."

அவள் தேடிப் படித்தாள். "மாஸ்டர் அவரது பெயரைச் சொல்லித் திட்டினார்."

"அவரதா? நான் அவங்க பேரைச் சொல்லித் திட்டினாருன்னு சொன்னேன். அவங்கன்னா அவங்க ஆளுங்க!"

"அவங்கன்னா மரியாதைக்கு என்னையும் சொல்லலாமே அண்ணே."

அயன் அண்ணன் வாயருகே கொண்டுபோன கையை இறக்கினார். "இது என்னடா வம்பு! மரியாதை குடுத்ததுக்கா இப்படி ஆச்சு? அவ, இவன்னு பேசியிருந்தா கேஸ் ஜெயிச்சிருக்குமா?"

அவளுக்குத் தீர்ப்புக்குப் பிறகு முதல் தடவையாகச் சிரிப்பு வந்தது. சிரித்தபடியே அடுத்த பக்கத்தைப் புரட்டினாள். எதிர்த்தரப்பு வக்கீல் அயன் அண்ணனைக் குறுக்கே மடக்கிய இடம் அது. வாதியின் பெயர் என்ன என்று கேட்டிருக்கிறார். பதில்: "தெரியாது. கம்பெனியில் எல்லோரும் லென்ஸ் என்றுதான் கூப்பிடுவோம். பெயர் யாருக்கும் தெரியாது." பக்கத்து மேசைக்காரியின் பெயர்கூடத் தெரியாத பொய்ச் சாட்சி என்று காட்டக் கேட்ட கேள்வி.

அவள் கை நின்றது.

பெயர் யாருக்கும் தெரியாது. விரலை அந்த வரியில் வைத்துக்கொண்டு, மறு கையால் மளமளவென்று கடைசிப் பக்கங்களுக்குப் போனாள். நூற்று நாற்பத்தெட்டு. நீதிபதி எதிரியான மாஸ்டரிடம் நேரடியாகக் கேட்ட கேள்விகள். மாஸ்டர் தன் பக்கம் வலுவாக இருக்கட்டும் என்று சொல்லியிருந்தார்: "எனக்கும் அந்தப் பெண்ணுக்கும் எந்தப் பழக்கமும் இல்லை. சம்பவம் நடந்ததாகச் சொல்லும் நாளில் அவர் பெயர்கூட எனக்குத் தெரியாது. வழக்குத் தாளில்தான் முதன்முதலாகப் பார்த்தேன்."

தீர்ப்பு எழுதியவர் சட்டையின் வெளிப்பக்கத்தை மட்டும் பார்த்திருக்கிறார். உள்தையல் இங்கே விட்டுக் கிடக்கிறது.

"அண்ணே, என் பேரு தெரியாதுன்னு அவனே சொல்லியிருக்கான்."

"அதுல என்ன? எனக்கும்தான் தெரியாது."

"தெரியாத பேரைச் சொல்லி எப்படிண்ணே திட்டினான்?"

அயன் அண்ணன் மெதுவாகத் தன் சாப்பாட்டு டப்பாவை மூடினார். "சீக்கிரம் வக்கீலம்மாகிட்ட ஓடு. நான் சூப்பர்வைசர்கிட்ட உனக்கு வயித்து வலின்னு சொல்றேன். இந்தப் பொய்யையும் எவனாவது எழுத்து நடையில மாத்தி எழுதட்டும்."

வக்கீலம்மா அந்தப் பக்கத்தை மூன்று தடவை படித்தார். எழுந்து அறைக்குள் நடந்தார். அறையில் நான்கு எட்டுக்கு மேல் நடக்க இடமில்லை. திரும்பி வந்து உட்கார்ந்தார். "நேத்து நகல் வந்ததும் ரெண்டு தடவை இதைப் படிச்சேன் அக்கா. கண்ணுல படலை. எப்படிப் பார்த்தீங்க?"

"திருப்பிப் போட்டுப் பார்த்தேன்."

மனுவை உடனே அடிக்கத் தொடங்கினார்கள். மூலையில் இருந்த டைப்பிஸ்ட் கணினியைத் திறந்தார். வக்கீலம்மா சொல்லச் சொல்ல அடித்துக்கொண்டு வந்தார். ஓரிடத்தில் வக்கீலம்மா நிறுத்தினார்.

"அக்கா, இதோட ஒரு உறுதிமொழித் தாளும் வைக்கணும். எங்க பேருன்னு சொன்னப்போ நீங்க எதைச் சொன்னீங்கன்னு அதுல நேராவே எழுதிடலாம். சாதிப் பேருன்னு பொதுவா இல்லை. அவர் சொன்ன அந்த வார்த்தை. அப்படியே. இனிமே யாரும் அதுக்கு வேற அர்த்தம் போடக்கூடாது. நீங்கதான் சொல்லணும்."

அவள் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். இரண்டு வருஷத்தில் அந்தச் சொல்லை அவள் புருஷனிடம்கூடச் சொன்னதில்லை. சொன்னால், அவன் எறிந்ததை எடுத்துத் தானே தன் மேல் பூசிக்கொள்வது போலிருக்கும். வாயைத் திறந்தாள். சொன்னாள். சரியாக அந்த நேரத்தில் கீழே கம்ப்ரஸர் அலறியது.

வக்கீலம்மா கையைக் காதருகே குவித்தார். "கேட்கலை அக்கா!"

அவளுக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. ஸ்கேல் மேலும், டைப்ரைட்டர் மேலும், எழுத்து நடை மேலும், நகல் ஜன்னல் மேலும் சேர்த்து வைத்த ஆத்திரம். அடித்தொண்டையிலிருந்து கத்தினாள். அவள் கத்தத் தொடங்கியதும் கம்ப்ரஸர் நின்றுவிட்டது. சொல்லும் அதன் வாலும் அறையில் முழுசாக விழுந்தன. ஜன்னல் வழியாகத் தெருவுக்கும் போயின. பஞ்சர் கடையில் டயரை உருட்டிக்கொண்டிருந்தவர் அண்ணாந்து பார்த்தார்.

டைப்பிஸ்டின் விரல்கள் மட்டும் நகர்ந்தன. சொன்ன பிறகும் சுவர் சுவராகவே நின்றது. அவளுக்கு அது வியப்பாக இருந்தது. இத்தனை நாள் தன்னைக் கூச வைத்த சொல் உண்மையில் யாருடைய அழுக்கு? சொன்னவன் வாயில் இருந்தது. தான் ஏன் அதை ரகசியமாகக் காவல் காத்தோம்?

"படிங்க" என்றாள். "முழுசாப் படிங்க. நான் கேட்கணும்."

டைப்பிஸ்ட் படித்தார். வலது காதைத் திருப்பிக்கொண்டு கண்ணை மூடிக் கேட்டாள். நான்காவது பக்கம்: "...நான் எனது பெயரைச் சொல்லித் திட்டினார் என்று கூறிய பொருள் யாதெனில்..."

"நிறுத்துங்க."

டைப்பிஸ்ட் நிறுத்தினார்.

"எனது இல்லை. எங்க. நான் சொன்னது எங்க. 'எங்கள்'னுகூட மாத்தாதீங்க. 'எங்க' மட்டும்."

"கை பழக்கத்துல வந்துடுச்சும்மா" என்றார் டைப்பிஸ்ட் சங்கடமாக.

"இந்தப் பழக்கத்துலதான் ரெண்டு வருஷம் போச்சு. பீஸ் ரிஜெக்ட். மறுபடி அடிங்க."

வக்கீலம்மா வாயைப் பொத்திக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பினார். மொத்தம் மூன்று தடவை திருத்தினார்கள். எண்பத்தேழாம் நாள் மேல்முறையீடு பதிவானது.

மேல்முறையீட்டை ஏற்பதா என்று பார்க்கும் நாளில் மேல்கோர்ட்டு அறையில் அவள் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். கால் தானாக ஆடிக்கொண்டிருந்தது. பக்கத்துப் பெண் ஒரு தடவை அவள் முழங்காலைத் தொட்டு நிறுத்தினாள், திரும்பவும் ஆடியது. இதற்காக விடியற்காலையிலிருந்து காத்திருந்தாள், வழக்கு எடுத்ததோ ஆறு நிமிஷம். நீதிபதி நூற்று நாற்பத்தெட்டாம் பக்கத்தைப் புரட்டிப் படித்துவிட்டு அரசு வக்கீலைப் பார்த்தார்.

"அன்னைக்கு அந்தம்மா பேரே தெரியாதுன்னு எதிரி சொல்றார். பேரைச் சொல்லித் திட்டினார்னு தீர்ப்பு சொல்லுது. எந்தப் பேரை?"

அரசு வக்கீல் எழுந்தார். ஃபைலைப் புரட்டினார். "படிச்சுப் பார்த்துட்டுச் சொல்றேன்" என்றார்.

"மேல்முறையீடு செய்யத் தகுதியில்லைன்னு படிக்காமலேயா எழுதினீங்க?"

அவர் மறுபடி ஃபைலைப் புரட்டினார். மேல்முறையீடு ஏற்கப்பட்டது. எதிரிக்கு நோட்டீஸ். அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்கள். அவ்வளவுதான். இது வெற்றி இல்லை என்று படியிறங்கும்போதே வக்கீலம்மா சொல்லிவிட்டார். விசாரணைக்கு வர ஒரு வருஷம் ஆகலாம், இரண்டும் ஆகலாம். கதவு திறந்திருக்கிறது, இனித்தான் உள்ளே நடக்க வேண்டும்.

வீட்டில் புருஷன், "என்ன ஆச்சு?" என்றார்.

"எந்தப் பேருன்னு கேட்டுட்டாங்க."

அவர் காலண்டரை ஆணியிலிருந்து கழற்றி, "இனி இதை எண்ணாதே, அடுத்த தேதிக்கு நானும் வர்றேன்" என்றார். மேட்டைச் சுற்றிப் போகிறவர் ஏறுகிறேன் என்றது அவளுக்குப் போதுமானதாக இருந்தது.

நோட்டீஸ் போய்ச் சேர்ந்த மறுநாள், மாஸ்டர் செக்கிங் மேசைக்கு வந்தார். கை கூப்பவில்லை. அவளுடைய இடது பக்கம் நின்று, குனிந்து, தணிந்த குரலில் ஏதோ சொன்னார்.

அவள் நிமிராமல் சொன்னாள். "அந்தக் காது கேட்காது மாஸ்டர். ஏன்னு உங்களுக்கே தெரியும். இந்தப் பக்கம் வந்து, எல்லாருக்கும் கேட்கற மாதிரி சொல்லுங்க."

அவர் வலது பக்கம் வந்தார். வழக்கமான வணக்கத்துக்கு வாயைத் திறந்தார். அவள் பெயரின் முதல் எழுத்து வெளியே வந்தது, பாதியில் நின்றது. தையல் மெஷின்கள் ஒவ்வொன்றாக ஓய்ந்தன. அயன் அண்ணன் அயன் பெட்டியைத் தூக்கிப் பிடித்தபடி நின்றார், ஆவி மேலே போய்க்கொண்டிருந்தது.

"தப்பா சொல்லிடாதீங்க" என்றாள் லென்ஸ். "என் பேரு உங்களுக்குத் தெரியாதுன்னு எழுதிக் குடுத்திருக்கீங்க. மேல்கோர்ட் அதைத்தான் படிச்சிட்டிருக்கு."

அவர் கட்டிங் மேசைக்குத் திரும்பிப் போனார். அவள் அடுத்த சட்டையை எடுத்து உள்பக்கத்தை வெளியே திருப்பினாள். தோள் தையலில் இரண்டு கண்ணி விட்டிருந்தது. சிவப்பு ஸ்டிக்கரைக் கிழித்து ஒட்டினாள், கோணலாக ஒட்டிவிட்டது. பிய்த்து, நேராக ஒட்டினாள்.